முப்பதை நெருங்கும் வயதில் ஒரு புதுமுகம்

1974ஆம் ஆண்டு லண்டனில் வெரைட்டி கிளப் என்ற அமைப்பு ஒரு நடிகைக்கு விருது கொடுத்தது. விருதின் பெயர் 'மிகுந்த நம்பிக்கை தரும் புதுமுகம்'. வாங்கியவர் ஃபெலிசிட்டி கெண்டல். அந்த வருஷம் அவருக்கு 28 வயது நிறைந்தது. மேடையில் அவர் முதன்முதலில் தோன்றியபோது வயது ஒன்பது மாதம்.

இன்னொரு முறை கணக்குப் போட்டுப் பாருங்கள். ஏறத்தாழ இருபத்தேழு வருஷம் சர்வீஸ் போட்ட ஆளுக்கு ப்ரொபேஷன் ஆர்டர் கொடுத்ததைப் போல இருக்கிறது. நம்மைப் போலப் பென்ஷன் வாங்குகிறவர்களுக்கு இதில் முதலில் கோபம் வரும். எனக்குக் கோபத்தோடு ஒரு யோசனையும் வந்தது. அதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

ஃபெலிசிட்டி பிறந்தது 1946 செப்டம்பரில், இங்கிலாந்தின் பர்மிங்காம் பக்கம் ஓல்ட்டன் என்ற ஊரில். அப்பா ஜெஃப்ரி கெண்டல், அம்மா லாரா லிடெல். இரண்டு பேரும் நாடகக்காரர்கள். அப்பாவின் இயற்பெயரில் கெண்டல் கிடையாது; ஜெஃப்ரி பிராக் என்பதுதான் பெயர். பிறந்த ஊரான கெண்டலின் பெயரை மேடைக்காகச் சேர்த்துக்கொண்டார். ஊர்ப்பெயரைப் பெயரோடு ஒட்டிக்கொள்ளும் வழக்கம் நமக்கு மட்டும் சொந்தமில்லை போலும்.

அந்தக் கைக்குழந்தை மேடையேறிய கதை வேடிக்கையானது. ஷேக்ஸ்பியரின் 'எ மிட்சம்மர் நைட்ஸ் ட்ரீம்' நாடகத்தில் தேவதைகளின் ராஜாவும் ராணியும் ஒரு பையனுக்காகச் சண்டை போடுவார்கள். அந்தப் பையன் வாய் திறந்து ஒரு வார்த்தையும் பேச வேண்டாம். அவனைக் காட்டாமலேகூட நாடகத்தை நடத்திவிடலாம். கெண்டல் குடும்பத்தில் ஒரு குழந்தை கைவசம் இருந்தது. அதைத் தூக்கிக்கொண்டு மேடைக்குப் போய்விட்டார்கள். 'மாற்றுக் குழந்தை' வேஷம். சம்பளம் இல்லை, வசனம் இல்லை. அழாமல் இருந்தால் அதுவே பெரிய நடிப்பு.

ஜெஃப்ரியின் கம்பெனிக்குப் பெயர் ஷேக்ஸ்பியரானா. 1947-48இல் இந்தியாவில் ஒரு சுற்று வந்தது. பிறகு 1953இல் திரும்ப வந்து இங்கேயே ஊர் ஊராகச் சுற்ற ஆரம்பித்தது. அப்போது ஃபெலிசிட்டிக்கு ஏழு வயது. இன்றைக்கு ஒரு மகாராஜாவின் அரண்மனையில் ஆட்டம் என்றால் நாளைக்கு ஏதோ ஒரு பள்ளிக்கூட ஹாலில். மேடை கிடைத்த இடத்தில் மேடை, கிடைக்காத இடத்தில் தரை. பின்னால் வங்க நாடகத்தில் பெரிய பெயர் எடுத்த உத்பல் தத் இந்தக் கம்பெனியில் இருந்தவர்தான். சசி கபூரும் இருந்தார். அவர் கம்பெனியோடு நிற்காமல் குடும்பத்துக்குள்ளேயே வந்துவிட்டார். ஃபெலிசிட்டியின் அக்கா ஜெனிஃபரை 1958இல் கல்யாணம் செய்துகொண்டார். அக்காவுக்கும் தங்கைக்கும் பதின்மூன்று வயது வித்தியாசம்.

அந்த நாளில் கான்வென்ட் பள்ளிகளில் படித்த வாசகர்கள் யாராவது இவர்கள் நாடகத்தைப் பார்த்திருந்தால் எனக்கு ஒரு வரி எழுதுங்கள். ஆவலாக இருக்கிறேன்.

சுற்றுகிற கம்பெனியில் ஆள் குறைவு. ஆகவே ஒருவர் ஒரு வேஷத்தோடு நிறுத்திக்கொள்ள முடியாது. முதல் காட்சியில் செத்தவர் மூன்றாம் காட்சியில் தாடியை மாற்றிக்கொண்டு தூதுவனாக வருவார். நம் பழைய கம்பெனிகளில் பாலபார்ட், ஸ்திரீபார்ட், ராஜபார்ட் என்று ஒரு வரிசை உண்டல்லவா? ஃபெலிசிட்டியும் அப்படிப் படிப்படியாக ஏறியவர். ஒன்பது வயதில் 'பக்' என்ற குறும்புக்காரத் தேவதை. அந்த வேஷம் லேசானதல்ல, வசனம் நிறைய உண்டு. பிறகு 'மெர்ச்சன்ட் ஆஃப் வெனிஸ்' நாடகத்தில் ஷைலக்கின் மகள் ஜெசிக்கா. 'ட்வெல்ஃப்த் நைட்' நாடகத்தில் ஆண் வேஷத்தில் திரியும் வயோலா. 'ஹாம்லெட்' நாடகத்தில் ஒஃபீலியா. லண்டனில் நாடகப் பள்ளி முடித்த பெண்கள் எப்போது கிடைக்கும் என்று வருஷக்கணக்கில் காத்திருக்கும் வேஷங்கள் இவை. இவருக்கு அவையெல்லாம் இருபது வயதுக்குள் முடிந்த பாடம்.

இதைப் படித்துவிட்டு 'ஆகா, என்ன அழகான பால்யம்' என்று யாரும் சொக்கிப்போக வேண்டாம். கணக்கின் மறுபக்கமும் இருக்கிறது. அந்தப் பெண்ணின் படிப்பு ஆறு லொரேட்டோ கான்வென்ட்டுகளில் சிதறிக் கிடந்தது. கம்பெனி நகர்ந்தால் பள்ளியும் மாறும். 17 வயதில் கல்கத்தாவில் டைஃபாய்டு வந்து படுத்தார். 'உனக்கு நடிக்க இஷ்டமா?' என்று ஒன்பது மாதக் குழந்தையிடம் யாரும் கேட்க முடியாது. ஒன்பது வயதிலும் கேட்டிருப்பார்களா என்பது சந்தேகம்தான். மளிகைக் கடைக்காரர் வீட்டுப் பிள்ளை பொட்டலம் கட்டப் பழகுவது போல இந்தக் குழந்தை வசனம் பேசப் பழகியது. அது குடும்பத் தொழில். குடும்பத் தொழிலில் பிள்ளைகளின் உழைப்புக்குக் கணக்குப் புத்தகம் கிடையாது.

இந்த வாழ்க்கையை வைத்தே ஒரு படம் எடுத்தார்கள். 1965இல் வந்த 'ஷேக்ஸ்பியர் வாலா'. பால்காரர், காய்கறிக்காரர் என்று சொல்கிற மாதிரி ஷேக்ஸ்பியர்காரர். இயக்கம் ஜேம்ஸ் ஐவரி, தயாரிப்பு இஸ்மாயில் மெர்ச்சன்ட், திரைக்கதை ரூத் பிரவர் ஜப்வாலா. இசை யார் தெரியுமா? சத்யஜித் ராய். சுதந்திரத்துக்குப் பிறகு இந்தியாவில் ஆங்கில நாடகத்துக்கு மவுசு குறைகிறது. ஒரு வெள்ளைக்கார நாடகக் குடும்பம் தடுமாறுகிறது. அதுதான் கதை. அப்பா, அம்மா வேஷங்களில் நிஜ அப்பாவும் அம்மாவும். மகள் லிஸ்ஸியாக ஃபெலிசிட்டி. அவள் காதலிக்கும் பணக்கார வாலிபனாக, நிஜத்தில் அக்கா புருஷனான சசி கபூர். கடைசியில் லிஸ்ஸி கப்பலேறி இங்கிலாந்துக்குப் போய்விடுகிறாள்.

படத்துக்குப் பெர்லினில் நல்ல வரவேற்பு. சிறந்த நடிகைக்கான வெள்ளிக் கரடி விருதும் கிடைத்தது. ஆனால் வாங்கியவர் ஃபெலிசிட்டி அல்ல. சினிமா நடிகை வேஷத்தில் வந்த மதுர் ஜாஃப்ரி. படம் முழுக்க வரும் கதாநாயகிக்குக் கை தட்டலோடு சரி.

லிஸ்ஸியைப் போலவே ஃபெலிசிட்டியும் 1965இல் இங்கிலாந்துக்குப் போனார். அப்பாவுக்கு அதில் சம்மதமில்லை. ஒரு மகள் ஏற்கனவே கல்யாணமாகிப் பம்பாயில் இருக்கிறாள். இன்னொருத்தியும் போய்விட்டால் ஜூலியட் வேஷம் யார் கட்டுவது? தகப்பனின் வருத்தத்தில் பாசம் எவ்வளவு, கம்பெனிக் கவலை எவ்வளவு என்று பிரித்துச் சொல்ல முடியாது. சொந்தமாகத் தொழில் நடத்தியவர்களுக்கு இந்தக் குழப்பம் நன்றாகத் தெரியும்.

போன இடத்தில் யாரும் மாலையோடு காத்திருக்கவில்லை. எத்தனையோ ஊர்களில், எத்தனையோ அரண்மனை முற்றங்களில் ஆடிய ஆட்டங்களுக்கு லண்டனில் மதிப்பெண் போட ஆள் கிடையாது. அந்த ஊர்ப் பத்திரிகைகளில் விமரிசனம் வந்ததில்லை. நாடகப் பள்ளிச் சான்றிதழ் இல்லை. எதைக் காட்டுவது?

முதலில் கைகொடுத்தது தொலைக்காட்சி. 1966இல் பிபிசியின் 'த வெட்னஸ்டே ப்ளே' என்ற புதன்கிழமை நாடக வரிசையில் 'த மேஃப்ளை அண்ட் த ஃப்ராக்' என்ற நாடகம். கூட நடித்தவர் சர் ஜான் கீல்குட், ஆங்கில மேடையில் அன்றைக்கு உச்சத்தில் இருந்தவர். அப்போதைய டிவி நாடகம் இன்றைய சீரியல் மாதிரி அல்ல. சில வாரங்கள் ஏதாவது ஒரு ஹாலில் ஒத்திகை பார்ப்பார்கள். பிறகு ஸ்டுடியோவில் பல கேமராக்களை வைத்து ஓரிரு நாளில் பதிவு செய்துவிடுவார்கள். மேடைப் பழக்கம் இருந்தவர்களுக்கு அந்த முறை ஒத்துவந்தது. ஆனால் ஒரு சிக்கலும் இருந்தது. கடைசிப் பெஞ்சுப் பையனுக்கும் கேட்கும்படி மைக் இல்லாமல் பேசிப் பழகிய குரல், கேமராவுக்கு முன்னால் கத்தலாகிவிடும். அரண்மனை முற்றத்துக்கு ஏற்ற கையசைப்பு சின்னத்திரையில் கூத்தாகிவிடும். ஆகவே கற்றதைக் கொஞ்சம் இறக்கிவைக்க வேண்டும்.

1967இல் லண்டன் மேடையில் முதல் நாடகம், சவாய் தியேட்டரில் 'மைனர் மர்டர்'. 1968இல் லெஸ்டர் நகரத்தில் வேலை. 1970இல் லண்டன் ரீஜென்ட்ஸ் பார்க் திறந்தவெளி அரங்கில் மறுபடி 'எ மிட்சம்மர் நைட்ஸ் ட்ரீம்'. கைக்குழந்தையாகத் தூக்கிவரப்பட்ட அதே நாடகத்தில் இப்போது சொந்தக் காலில் நின்றார். 1974இல் ஆலன் ஏக்பார்ன் எழுதிய 'த நார்மன் கான்க்வெஸ்ட்ஸ்'. இது மூன்று நாடகங்கள் சேர்ந்தது. ஒரே வீடு, ஒரே வார இறுதி. ஒரு நாடகம் சாப்பாட்டு அறையில் நடக்கிறது, இன்னொன்று கூடத்தில், மூன்றாவது தோட்டத்தில். ஆறே பாத்திரங்கள். அதில் ஆனி என்ற பெண்ணாக வந்தார் ஃபெலிசிட்டி. அந்த வருஷம்தான் புதுமுக விருது.

இங்கே இன்னொரு குழந்தையின் கதையையும் சொல்லியாக வேண்டும். அதுவும் அதே 1974.

ஸ்காட்லாந்தில் பியூட் என்ற தீவில் ராத்ஸே என்று ஒரு சின்ன ஊர். அங்கே வளர்ந்த லீனா ஸவரோனி என்ற பத்து வயதுச் சிறுமி, 'ஆப்பர்ச்சுனிட்டி நாக்ஸ்' என்ற டிவி போட்டியில் பாடினாள். ஐந்து வாரம் தொடர்ந்து முதலிடம். உடனே இசைத்தட்டு வந்தது. அந்த ஆல்பம் பிரிட்டனின் முதல் பத்து இடங்களுக்குள் போனது. அவ்வளவு சின்ன வயதில் அந்த இடத்தைப் பிடித்தவர்கள் அதற்கு முன் யாருமில்லை. வீட்டை விட்டு லண்டனுக்கு வந்து நாடகப் பள்ளியில் சேர்ந்தாள். நிகழ்ச்சி மேல் நிகழ்ச்சி, பயணம் மேல் பயணம். 13 வயதிலேயே அனோரெக்சியா என்ற சாப்பிட மறுக்கும் நோய் பிடித்துக்கொண்டது. அது கடைசிவரை விடவில்லை. 1999 அக்டோபரில் தன் 35ஆம் வயதில் இறந்துபோனாள். 'இறந்துபோனார்' என்று எழுதுவதுதான் மரியாதை. ஆனால் நினைத்துப் பார்த்தால் அந்தப் பத்து வயது முகம்தான் முன்னால் வருகிறது.

லீனாவின் நோய்க்கு மேடைதான் காரணம் என்று நான் தீர்ப்புச் சொல்ல வரவில்லை. அந்த நோய் மேடையே பார்க்காத பெண்களுக்கும் வருகிறது. இரண்டு குழந்தைகளுக்கும் கிடைத்தவற்றை மட்டும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கிறேன்.

ஃபெலிசிட்டிக்கு வேலை நிறைய கிடைத்தது, வெளிச்சம் கிடைக்கவில்லை. ஒன்பது வயதில் பக் வேஷம் போட்டபோது 'அதிசயக் குழந்தை' என்று யாரும் போஸ்டர் ஒட்டவில்லை. கம்பெனி அவரை நம்பிப் பிழைக்கவில்லை. அவர்தான் கம்பெனியை நம்பியிருந்தார். இன்றைக்குச் சரியாக நடிக்காவிட்டால் நாளைக்கு வேறு ஊர், வேறு ஜனம். நேற்றைய தப்பைப் பார்த்தவர்கள் யாரும் இன்றைய சபையில் இல்லை. கற்றுக்கொள்கிற குழந்தைக்கு இதைவிட நல்ல ஏற்பாடு இருக்க முடியாது.

லீனாவுக்கு வெளிச்சம் முதலில் வந்தது. நாடே பார்த்தது. கற்றுக்கொள்வதற்கு மறைவான இடம் மிச்சமில்லை. தப்பு செய்தால் நாடே பார்க்கும். உடம்பு வளர்ந்தால் அதையும் பார்க்கும். பத்து வயதில் பாடிக் கைதட்டல் வாங்கிய குழந்தையிடம் கூட்டம் எதிர்பார்ப்பது எப்போதும் அந்தப் பத்து வயதைத்தான். குழந்தை பெரிய மனுஷியாவதுகூட ஒரு நஷ்டக் கணக்காகிவிடுகிறது.

பிரிட்டனில் சட்டம் இல்லாமல் இல்லை. 1963இல் வந்த சட்டத்தின்படி பள்ளி வயதுக் குழந்தை மேடையிலோ தொலைக்காட்சியிலோ தொழில்முறையாக நடிப்பதற்கு உள்ளாட்சி அமைப்பின் உரிமம் வேண்டும். எத்தனை மணி நேரம் வேலை, எப்போது ஓய்வு, படிப்பு என்னாகிறது, கூடவே இருந்து கவனிப்பது யார் என்றெல்லாம் விதிகள் உண்டு. நல்ல விதிகள்தான், வேண்டியவைதான். ஆனால் விதி மணிக்கணக்கைத்தான் பார்க்கும். புகழின் பாரத்தை நிறுக்கத் தராசு இல்லை. ஊர் ஊராக அலைந்த ஃபெலிசிட்டியின் பால்யத்தை அந்த விதிப் புத்தகத்தை வைத்துப் பரிசோதித்தால் பக்கத்துக்குப் பக்கம் சிவப்பு மையில் குறிப்பு விழும். லீனாவின் காலத்தில் விதிகள் எல்லாம் நடப்பில் இருந்தன. ஆனாலும் யார் நிலைத்தார், யார் உடைந்தார் என்று பாருங்கள்.

இதற்காக விதிகளைத் தூக்கிப் போடச் சொல்லவில்லை. விதி பார்க்காத இடத்தைப் பெரியவர்கள் பார்க்க வேண்டும் என்கிறேன். அந்தப் பெரியவர்களில் பெற்றோர் உண்டு, நிகழ்ச்சி நடத்துகிறவர்கள் உண்டு, வீட்டில் உட்கார்ந்து டிவி பார்க்கிற நாமும் உண்டு. குழந்தை நன்றாகப் பாடினால் கை தட்டலாம். 'இதுபோல் இனி பிறக்கப்போவதில்லை' என்று சொல்லாமல் இருக்கலாம். அந்த ஒரு வாக்கியத்தைச் சுமக்க எந்தக் குழந்தைக்கும் தோள் கிடையாது.

இப்போது விருதுக்கு வருகிறேன். இருபத்தேழு வருஷ அனுபவம் உள்ளவரைப் புதுமுகம் என்றது சரியா?

அனுபவத்தை மதிக்கவில்லை என்ற அளவில் சரியில்லை. பெரிய ஊர்க்காரர்களுக்கு எப்போதும் இந்த வழக்கம் உண்டு. தாங்கள் பார்த்த நாளிலிருந்துதான் ஒருவருடைய சர்வீஸ் ஆரம்பம் என்று நினைத்துக்கொள்வார்கள். நான் வேலை பார்த்த அலுவலகத்திலும் இதைக் கண்டிருக்கிறேன். கிராமக் கிளையில் இருபது வருஷம் தனி ஆளாக லெட்ஜர், கேஷ், டெஸ்பாட்ச் எல்லாவற்றையும் இழுத்துப் போட்டுச் செய்த ஒருவர் மாற்றலாகித் தலைமை அலுவலகத்துக்கு வந்தார். முதல் வாரம் அவரை உட்காரவைத்துச் சலான் எப்படி எழுதுவது என்று பாடம் நடத்தினார்கள். அவரும் பேசாமல் கேட்டுக்கொண்டார். மூன்றாம் மாதம் அந்த செக்‌ஷனில் பேலன்ஸ் விழாத கணக்கு எதுவாக இருந்தாலும் அவர் மேஜைக்குத்தான் போனது. 'சார், உங்களுக்குக் கோபமே வரலையா?' என்று ஒருநாள் கேட்டேன். 'அங்கே நான் இல்லேன்னா ஆபீஸே கிடையாதுப்பா. இங்கே அப்பிடி இல்ல. கொஞ்ச நாள் யாருக்கும் தெரியாத ஆளா இருக்கிறதும் சௌகரியம்தான்' என்றார்.

அந்த சௌகரியத்தைத்தான் ஃபெலிசிட்டியின் கதையிலும் பார்க்கிறேன். அப்பா கம்பெனியின் சின்னப் பெண்ணாக அவர் நடித்ததெல்லாம் குடும்பக் கணக்கில் போனது. லண்டன் அவரை ஒன்றும் தெரியாதவராக நினைத்ததால் முதல் பக்கத்திலிருந்து தன் பெயரில் எழுத முடிந்தது. 1965இலிருந்து 1974 வரை ஒன்பது வருஷம், சின்ன வேஷம், வெளியூர் நாடகம், டிவியில் ஒருநாள் தலைகாட்டல் என்று போனது. அந்த நேரத்தில் யாரும் அவரைப் பார்த்து 'குழந்தையாக இருந்தபோது எவ்வளவு நன்றாக இருந்தாய்' என்று சொல்லவில்லை. சொல்வதற்கு யாருக்கும் அது தெரியாது. குழந்தை நட்சத்திரங்களின் தலையில் கடைசிவரை தொங்கும் கத்தி அந்த வாக்கியம்தான். அவர் அதிலிருந்து தப்பித்தார்.

பிறகு நடந்ததை நீங்களே பாருங்கள். 'த நார்மன் கான்க்வெஸ்ட்ஸ்' நாடகத்தில் அவரையும் பெனலபி கீத்தையும் பார்த்துவிட்டு 1975இல் பிபிசி 'த குட் லைஃப்' என்ற நகைச்சுவைத் தொடருக்கு எடுத்துக்கொண்டது. கணவனாக ரிச்சர்ட் பிரையர்ஸ். வேலையை விட்டுவிட்டு வீட்டுத் தோட்டத்திலேயே காய்கறி போட்டு, ஆடு, பன்றி, கோழி வளர்த்து வாழப் பார்க்கும் தம்பதி. ஊரே பார்த்த தொடர். 1978இல் அதன் கடைசி நிகழ்ச்சிப் பதிவைப் பார்க்க எலிசபெத் ராணியே ஸ்டுடியோவுக்கு வந்து உட்கார்ந்திருந்தார். மகாராஜாக்களுக்கு முன்னால் ஆடிய பெண்ணுக்கு அது பழகிய விஷயமாகத்தான் இருந்திருக்கும். அதன்பிறகும் மேடையை விடவில்லை. 1990களில் டாம் ஸ்டாப்பர்டின் நாடகங்களில் முக்கிய வேஷங்கள். 1998இல் 'வைட் கார்கோ' என்ற பெயரில் தன் கதையைத் தானே எழுதினார். 2012இல் பிபிசிக்காக மறுபடி இந்தியா வந்து, ஷேக்ஸ்பியர் இங்கே எப்படி வேர் பிடித்தார் என்று ஒரு படமும் செய்தார்.

அக்கா ஜெனிஃபர் இங்கேயே இருந்தார். '36 சௌரங்கி லேன்' படத்தில் தனிமையில் வாழும் ஆங்கிலோ இந்திய ஆசிரியையாக அவர் நடித்ததைப் பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள். 1984இல் காலமாகிவிட்டார். அப்பா ஜெஃப்ரி 1998 வரை இருந்தார். ஓடிப்போன சின்ன மகள் பெயரெடுத்ததைக் கண்ணால் பார்த்துவிட்டுத்தான் போனார்.

என் கட்சி இதுதான். குழந்தைக்குத் திறமை இருந்தால் வேலை கொடுங்கள். வெளிச்சத்தைப் பிறகு கொடுக்கலாம். பாடட்டும், ஆடட்டும், பத்துப் பேருக்கு முன்னால் தப்பு செய்யட்டும், அடுத்த ஊரில் திருத்திக்கொள்ளட்டும். பள்ளிக்கூடத்தையும் உடம்பையும் பெற்றவர்கள் பார்த்துக்கொள்ளட்டும். கெண்டல் குடும்பம் அதில் கோட்டைவிட்டது. டைஃபாய்டும் ஆறு கான்வென்ட்டும் அதற்குச் சாட்சி. ஆனால் ஒன்றைச் சரியாகச் செய்தார்கள். அந்தக் குழந்தையை ஊருக்கு விற்கவில்லை. இருபத்தெட்டு வயதில் அவரைப் புதுமுகம் என்று கூப்பிட முடிந்தது என்றால், அதுவரை அவர் முகத்தை யாரும் தேய்த்து அழித்துவிடவில்லை என்றுதான் அர்த்தம்.